49-வது நாள் காலையில்



வேல்மாறல் 48 நாள் படிச்சவங்க நம்மள்ல நிறைய பேர் இருப்பீங்க. காலைல குளிச்சு, விளக்கேத்தி, போன்ல பிடிஎஃப் திறந்து வெச்சு, முதல் பத்து நாள் நாக்கு புரளாம தடுமாறி, இருபதாம் நாள் வாக்குல பார்க்காமலே பாதி சொல்ற அளவுக்கு வந்து... அந்த அனுபவம் செஞ்சவங்களுக்குத் தெரியும். முடிச்சவங்க சொல்ற கதைகளும் கேட்டிருப்போம். "முடிச்ச அன்னைக்கே ஆஃபர் லெட்டர் வந்துச்சு." "முப்பதாம் நாளே வரன் அமைஞ்சிடுச்சு." கேட்கவே சந்தோஷமா இருக்கும், நமக்கும் நடக்கும்னு ஒரு தெம்பு வரும்.

நான் எழுதப் போறது 49-வது நாளைப் பத்தி. ஒண்ணுமே நடக்காத 49-வது நாள்.

முதல்ல என் கதையைச் சுருக்கமா சொல்லிடறேன். சென்னையில ஒரு கம்பெனில நாலு வருஷம் வேலை. ஒரு வெள்ளிக்கிழமை மதியம் மீட்டிங்னு கூப்பிட்டாங்க. பதினஞ்சு நிமிஷத்துல எங்க டீம் மொத்தத்தையும் எடுத்துட்டாங்க. லேப்டாப்பை ஒப்படைச்சுட்டு, ரூமைக் காலி பண்ணிட்டு அரக்கோணத்துக்கு வீட்டுக்கே வந்துட்டேன். "ரெண்டு மாசம்மா, அதுக்குள்ள வேற பார்த்துடுவேன்"னு அம்மாகிட்ட சொன்னேன். அந்த ரெண்டு மாசம் பதினேழு மாசம் ஆச்சு.

அப்பாவுக்கு ஸ்டேஷன் பக்கம் சின்னதா ஒரு ஜெராக்ஸ் கடை. முட்டி வலியில அவரால ரொம்ப நேரம் நிக்க முடியாது. நான் சும்மா தானே இருக்கேன்னு கடைக்குப் போய் உக்காந்தேன். தங்கச்சி அப்ப காலேஜ் ரெண்டாவது வருஷம். அவ ஃபீஸ் நான்தான் கட்டிட்டு இருந்தேன்.

நாலாவது மாசத்துல வேல்மாறல் ஆரம்பிச்சேன். அருணகிரிநாதரோட வேல் வகுப்புல இருக்குற 16 அடிகளை வள்ளிமலை சச்சிதானந்த சுவாமிகள் மாத்தி மாத்தி அடுக்கி 64 அடியா தொகுத்துக் கொடுத்தது தான் வேல்மாறல்னு உங்களுக்கே தெரியும். ஒரு நாள் விடல. காய்ச்சல் வந்த அன்னைக்குக் கூட படுக்கையில உக்காந்து படிச்சேன். 48-வது நாள் அம்மா சர்க்கரைப் பொங்கல் வெச்சாங்க. அன்னைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே வரல. ஒரு இன்டர்வியூல மூணாவது ரவுண்டு முடிஞ்சு ரிசல்ட்டுக்காகக் காத்துட்டு இருந்தேன். கணக்கு கச்சிதமா பொருந்தி வருதுன்னு நினைச்சேன்.

49-வது நாள் காலையில மெயில் வந்துச்சு. 'வேறொருத்தரைத் தேர்ந்தெடுத்துட்டோம், வாழ்த்துகள்'ன்னு இருந்துச்சு. எதுக்கு வாழ்த்துன்னு இன்னைக்கு வரைக்கும் புரியல.

அன்னைக்கு நான் விளக்கேத்தல. படத்தைப் பார்க்கவும் இல்ல. முருகன்கிட்ட கோவிச்சுக்கிட்டேன். நம்ம சாமிகிட்ட இது ஒரு வசதி பாருங்க, ஒரு பழத்துக்காகக் கோவிச்சுக்கிட்டு வீட்டை விட்டே போனவர் அவரு. நம்ம கோவத்தைத் தப்பா எடுத்துக்க மாட்டாரு.

அதுக்கப்புறம் வந்த மாசங்கள் தான் நான் சொல்ல நினைக்கிறது. பெருசா எதுவும் இடிஞ்சு விழல. யாரும் சாகல. கடன்காரன் கதவைத் தட்டல. ஆனா எதுவும் நகரவும் இல்ல. காலைல ஒன்பது மணிக்குக் கடை திறக்கணும், மதியம் சாப்பாடு, சாயந்திரம் மறுபடி கடை, ராத்திரி போன்ல வேலை தேடணும், தூங்கணும். பெரிய கஷ்டம் வந்தா நாலு பேர் பக்கத்துல வந்து நிப்பாங்க. இந்த மாதிரி சத்தமே இல்லாத கஷ்டத்துக்கு யாரும் வர மாட்டாங்க. நமக்கே கூட இதைக் கஷ்டம்னு சொல்லலாமான்னு சந்தேகமா இருக்கும்.

அந்த நாள்கள்ல என்னை ரொம்பக் குத்தினது ஒரே ஒரு வார்த்தை. "என்னப்பா பண்ற இப்போ?"ன்னு யாராவது கேட்பாங்க. "சும்மா தான் இருக்கேன்." இந்தப் பதிலைச் சொல்லும்போது தலை தானா குனியும். கல்யாண வீட்டுல, பஸ் ஸ்டாண்டுல, கடைக்கே வர பழைய வாத்தியார்கிட்ட, எல்லார்கிட்டயும் இதே பதில். ஒரு கட்டத்துல விசேஷங்களுக்குப் போறதையே நிறுத்திட்டேன்.

அப்புறம் ஒரு நாள் தான் ஒரு விஷயம் உறைச்சது. இதே வார்த்தையைத் தானே முருகன் அருணகிரிநாதருக்குச் சொன்னாருன்னு சொல்றாங்க? திருவண்ணாமலையில, வாழ்க்கையே வெறுத்து கோபுரத்துல இருந்து விழுந்தவரைத் தாங்கிப் பிடிச்சு, அவருக்குக் கொடுத்த உபதேசம் 'சும்மா இரு'. எனக்கு அவமானமா இருந்த அதே வார்த்தை அவருக்கு உபதேசமா இருந்திருக்கு.

இதை வெச்சு உடனே நான் ஞானியாயிட்டேன்னு சொல்ல வரல. கடுப்பு தான் வந்துச்சு. "அவருக்கு வாடகை கட்ட வேண்டியதில்ல, தங்கச்சிக்கு ஃபீஸ் கட்ட வேண்டியதில்ல"ன்னு மனசுக்குள்ள பதில் பேசினேன். ஆனா வார்த்தை உள்ள போயிடுச்சு. அருணகிரிநாதர் அதுக்கப்புறம் ஒண்ணும் செய்யாம உக்காந்துடலையே? ஊர் ஊரா நடந்து நடந்து பாடியிருக்காரு. அப்போ 'சும்மா இரு'ன்னா வேலை செய்யாதேன்னு அர்த்தம் இல்ல. உள்ளுக்குள்ள ஓடிட்டே இருக்குற அந்தப் புலம்பலை நிறுத்துன்னு அர்த்தம். எனக்கு நேர் எதிரா இருந்துச்சு. கை சும்மா இருந்துச்சு, உள்ள மட்டும் இருபத்தி நாலு மணி நேரமும் இரைச்சல்.

இங்க ஒரு சின்ன சண்டை போட்டுக்கறேன். நம்ம குரூப்கள்ல தினமும் காலையில வர மெசேஜ்கள் சிலது இருக்கு. 'கஷ்டம் கொடுக்குறது உன்னைச் செதுக்கத்தான்', 'சோதனை இல்லாம சாதனை இல்ல'. நானும் அனுப்பியிருக்கேன். இப்போ அனுப்புறது இல்ல. ஏன்னா கஷ்டம் எல்லாரையும் வளர்க்கிறது இல்ல. எங்க தெருவுல ஒருத்தர், நல்லா சிரிச்சுப் பேசுற மனுஷன், தொழில்ல நஷ்டம் வந்தப்புறம் அடுத்தவங்க வீட்டு நல்லதைக் காதால கேட்கவே முடியாத ஆளா மாறிட்டாரு. அவருக்கு வந்தது என் கஷ்டத்தை விடப் பெருசு. அது அவரைச் செதுக்கல, உடைச்சுடுச்சு. குழந்தையை ஆஸ்பத்திரியில வெச்சுட்டு வராண்டாவுல உக்காந்திருக்குற ஒரு அம்மாகிட்ட போய் 'இது உங்களைச் செதுக்கத்தான்'னு சொல்ல நமக்கு வாய் வருமா? முகத்துக்கு நேரா சொல்ல முடியாத ஒண்ணை ஃபார்வர்டுல மட்டும் ஏன் சொல்றோம்?

கஷ்டம் வரும்போது கூடவே கொஞ்சம் வெற்று நேரமும் வரும். அந்த நேரத்துல நாம என்ன பண்றோம்கிறதுல தான் வளர்றதோ வாடுறதோ இருக்குன்னு எனக்குப் படுது. அதுவும் நாமளா திட்டம் போட்டு செய்யறது கம்மி. என் விஷயத்துல அது ஒரு ஆயா மூலமா வந்துச்சு.

கடைக்கு வயசானவங்க நிறைய பேர் வருவாங்க. முதியோர் உதவித்தொகை, ரேஷன் கார்டுல பேர் மாத்தம், பட்டா நகல். முதல்ல எனக்கு அவங்களைப் பார்த்தாலே எரிச்சல். ஒரு தாளை நீட்டி "இது என்னன்னு பாரு தம்பி"ம்பாங்க. நான் ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்து, காசு வாங்கிட்டு, "தாலுகா ஆபீஸ்ல கேளுங்க ஆயா"ன்னு அனுப்பிடுவேன். பெரிய கம்பெனில வேலை பார்த்தவன் இங்க வந்து ஃபாரம் நிரப்பணுமான்னு ஒரு கர்வம். இப்போ சொல்ல வெட்கமா இருக்கு, ஆனா அதான் உண்மை.

அந்த ஆயா மூணாவது தடவையா வந்தாங்க. விண்ணப்பம் திரும்பித் திரும்பித் தள்ளுபடி ஆகுது. வேற வாடிக்கையாளர் யாரும் இல்ல, கரண்டும் இல்ல. கரண்ட் இல்லாத ஜெராக்ஸ் கடையில என்ன பண்றது? சும்மா தான் இருந்தேன். "குடுங்க ஆயா, பார்க்கறேன்"ன்னு எல்லாத் தாளையும் வாங்கி வரிசையா பரப்பி வெச்சுப் படிச்சேன். ஆதார்ல ஒரு பேரு, ரேஷன் கார்டுல வேற பேரு. வீட்டுல கூப்பிடுற பேரை ஒண்ணுலயும், நிஜப் பேரை இன்னொண்ணுலயும் யாரோ எழுதியிருக்காங்க. பொறந்த வருஷமும் ஒத்துப் போகல. மூணு தடவையும் அவங்க அலைஞ்சதுக்குக் காரணம் அவ்ளோ தான். அதை யாரும் உக்காந்து படிச்சுச் சொல்லல. நானும் தான் சொல்லல, ரெண்டு தடவை அதே தாளை என் கையால ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்திருக்கேன்.

அதைச் சரி பண்ண நாலு மாசம் ஆச்சு. ஆதார் சென்டருக்கு நானே ரெண்டு தடவை கூட்டிட்டுப் போனேன். நாலு மாசம் கழிச்சு முதல் பணம் வந்த அன்னைக்கு ஆயா கடைக்கு வந்து ஒரு சீப்பு வாழைப்பழத்தை ஜெராக்ஸ் மெஷின் மேலயே வெச்சுட்டுப் போனாங்க. நாலு வருஷ வேலையில எனக்கு 'பெஸ்ட் பெர்ஃபார்மர்'னு ரெண்டு சர்டிஃபிகேட் கொடுத்திருக்காங்க. அதை எங்க வெச்சேன்னு கூட ஞாபகம் இல்ல. அந்த வாழைப்பழம் ஞாபகம் இருக்கு.

அதே சமயத்துல தான் அம்மாகிட்ட ஒரு கேள்வி கேட்டேன். நான் பூஜை அறைப் பக்கம் போகாம இருந்த அந்த மாசங்கள்லயும் அம்மா தினமும் விளக்கேத்திட்டு தான் இருந்தாங்க. "என்னம்மா வேண்டிக்கிற தினமும்? எனக்கு வேலை கிடைக்கணும்னா?"

அம்மா திரியைத் தூண்டிட்டே சொன்னாங்க: "முதல்ல அப்படித்தான் வேண்டினேன். இப்ப ஒண்ணும் வேண்டறதில்லடா. சும்மா கும்புடறேன்."

நான் எதுவும் பேசல. எனக்குள்ள ஒரு கணக்கு கலைஞ்ச மாதிரி இருந்துச்சு. 48 நாள் நான் படிச்சது என்ன? ஒரு ஒப்பந்தம். நான் இதைப் படிக்கிறேன், நீ அதைக் கொடு. கேட்கறது தப்புன்னு சொல்லல. அப்பாகிட்ட கேட்காம வேற யார்கிட்ட கேட்பாங்க? குழந்தை மாதிரி கேட்கலாம், அழலாம், அடம் பிடிக்கலாம். ஆனா குழந்தை ரசீது நீட்டாது. நான் ரசீது நீட்டினேன். 48 நாள் முடிஞ்சது, டெலிவரி எங்கன்னு கேட்டேன். ரசீது நீட்டுற இடத்துல பக்தி இருக்குமா, வியாபாரம் இருக்குமா?

அடுத்த வாரம் ஒரு புதன்கிழமை. செவ்வாய் இல்ல, கிருத்திகை இல்ல, சஷ்டி இல்ல, ஒரு விசேஷமும் இல்லாத புதன்கிழமை. லோக்கல் டிரெயின் ஏறி திருத்தணிக்குப் போனேன். எங்க ஊர்ல இருந்து பக்கம் தான். 365 படி, வருஷத்துக்கு இத்தனை நாள்னு கணக்கு வெச்ச படின்னு சொல்வாங்க. மெதுவா ஏறினேன். கூட்டம் இல்ல. கேட்கறதுக்குன்னு எதையும் யோசிச்சு வெச்சுட்டுப் போகல.

திருத்தணியைப் பத்தி ஒண்ணு சொல்லணும். கந்த சஷ்டிக்கு திருச்செந்தூர்ல சூரசம்ஹாரம் எப்படி நடக்கும்னு எல்லாருக்கும் தெரியும், கடற்கரை முழுக்க ஜனம். ஆனா திருத்தணியில சூரசம்ஹாரம் கிடையாது. அன்னைக்கு இங்க சுவாமிக்குப் புஷ்பாஞ்சலி தான், பூவால அர்ச்சனை. ஏன்னா போர் முடிஞ்சு முருகன் கோபம் தணிஞ்சு வந்து நின்ன இடம் இது. தணிகைங்கிற பேரே அதுல இருந்து தான் வந்ததுன்னு சொல்வாங்க. சின்ன வயசுல இருந்து போயிட்டு வர மலை, இந்தக் கதையும் தெரிஞ்ச கதை தான். அன்னைக்குத் தான் அது எனக்குன்னு தோணுச்சு. நமக்கு எப்பவும் திருச்செந்தூர் முருகனைத் தான் பிடிக்கும். வேலோட நிக்கணும், எதிரியை முடிக்கணும், ஜெயிக்கணும். ஸ்டேட்டஸ்ல போடுறது எல்லாம் அந்த மாதிரி தான். ஆனா ஜெயிச்சவருக்கே தணிஞ்சு நிக்க ஒரு மலை வேண்டியிருந்திருக்கு. ஜெயிக்காத எனக்கு மட்டும் அது வேண்டாமா?

மண்டபத்துல ஒரு மணி நேரம் உக்காந்திருந்தேன். ஒரு அதிசயமும் நடக்கல. இறங்கி வந்து டிரெயின் ஏறினேன். ஆனா அன்னைக்கு ராத்திரி தூங்கினேன், ரொம்ப நாள் கழிச்சு.

இதோட நிறுத்தினா இது ஒரு அழகான கதையா முடிஞ்சிடும். ஆனா பிரச்சனை இங்க தான் ஆரம்பிச்சது.

கொஞ்ச கொஞ்சமா எனக்குக் கடை பிடிச்சுப் போச்சு. முகத்துல சிரிப்பு வந்துச்சு. ஒரு ராத்திரி ஷட்டரை இறக்கும்போது அப்பா சொன்னாரு: "தம்பி, முன்னாடி நீ மூஞ்சியைத் தூக்கி வெச்சுட்டு இருந்தப்போ எனக்குக் கஷ்டமா இருந்துச்சு. ஆனா பயம் இல்ல. இப்ப நீ சிரிச்சுட்டு இருக்க பாரு, இதுதான் எனக்குப் பயமா இருக்கு. இப்படியே உக்காந்துடுவியோன்னு."

எனக்குப் பதில் தெரியல. ஏன்னா அவர் கேட்டது நியாயம். தங்கச்சி ஃபீஸுக்கு அம்மா வளையல் அடகுல இருந்துச்சு. எனக்கு மனசு நிறைஞ்சிருந்தா வளையல் திரும்பி வந்துடுமா? என் திருப்திக்கான விலையை வேற யாரோ கட்டிட்டு இருந்தா அதுக்குப் பேரு திருப்தியா, சோம்பேறித்தனமா? ராத்திரி முழுக்க யோசிச்சேன்.

தமிழ்ல 'போதும்'னு ஒரு வார்த்தை இருக்கு. அதை ரெண்டு விதமா சொல்லுவோம். பந்தியில பரிமாற வரும்போது இலைக்கு மேல கையை வெச்சு "போதும்ங்க"ன்னு சொல்றது ஒண்ணு. அதுல வயிறு நிறைஞ்ச சந்தோஷம் இருக்கும். "போதும்டா சாமி"ன்னு தலையில கை வெச்சு சொல்றது இன்னொண்ணு. அதுல வெறுப்பு இருக்கும். வார்த்தை ஒண்ணு தான், குரல் வேற. அப்பாவுக்கு என் 'போதும்' எந்தக் குரல்ல கேட்டுச்சுங்கிறது தான் கேள்வி. எனக்கே அது சரியா தெரியாம இருந்துச்சு.

இந்தக் கேள்விக்கு எனக்கு வழி காட்டினது ஒரு பழைய மனுஷரோட வாழ்க்கை. இன்னைக்கு நாம திருப்புகழ் பாடறோம்னா அதுக்குக் காரணமான ஒருத்தர், வ.த. சுப்பிரமணிய பிள்ளை. வடக்குப்பட்டு அவரோட ஊரு, கோர்ட் உத்தியோகத்துல இருந்தவரு. 1871-ல சிதம்பரம் தீட்சிதர்கள் சம்பந்தப்பட்ட ஒரு வழக்குல, தங்களோட பெருமைக்குச் சான்றா அவங்க ஒரு திருப்புகழ் பாட்டை எடுத்துக் காட்டினாங்களாம். அந்தப் பாட்டு இவர் மனசைப் பிடிச்சுக்கிச்சு. இந்த மாதிரி எத்தனை பாட்டு இருக்குன்னு தேட ஆரம்பிச்சாரு. அருணகிரிநாதர் பாடினது 16,000 பாட்டுன்னு வழக்கம். ஆனா அச்சுல ஒரு முழுத் தொகுப்பு கிடையாது. யார் யார் வீட்டுப் பரண்லயோ ஓலைச்சுவடியா கிடந்தது. பூச்சி அரிச்சது பாதி.

அவர் தேடித் தேடிச் சேர்த்து முதல் தொகுதியை வெளியிட்டது 1894-ல. நடுவுல 23 வருஷம். உத்தியோகம் பார்த்துட்டே, குடும்பம் நடத்திட்டே, ஒவ்வொரு ஊரா விசாரிச்சு, ஏடு வாங்கி, பிரதி எடுத்து, ஒப்பிட்டுப் பார்த்து. அந்த 23 வருஷத்துல எத்தனையோ நாள் எதுவுமே கிடைக்காத நாளா தான் இருந்திருக்கும். கடைசியில கிடைச்சது எவ்வளவு? ஆயிரத்து முந்நூத்துச் சொச்சம். 16,000-ல இது பத்துல ஒரு பங்கு கூட இல்ல. அவர் 'எல்லாம் கிடைச்சா தான் வெளியிடுவேன்'னு உக்காந்திருந்தா நமக்கு இது கூட இல்ல. 'இவ்ளோ தான் கிடைக்கும், விட்டுடலாம்'னு பாதியில நிறுத்தியிருந்தாலும் இல்ல. கிடைச்சதைக் கண்ணுல ஒத்திக்கிட்டு அச்சுக்கு அனுப்பினாரு. தேடறதையும் விடல. அவருக்கு அப்புறம் அவர் பையன் தணிகைமணி செங்கல்வராய பிள்ளை அதே வேலையைக் கையில எடுத்து, உரையும் எழுதினாரு.

எனக்கு இதுல ஒண்ணு தெளிவாச்சு. மன நிறைவும் முயற்சியும் எதிரெதிர்னு நான் நினைச்சுட்டு இருந்தேன். நிறைவு வந்தா முயற்சி நின்னுடும், முயற்சி பண்ணணும்னா மனசுல எரிச்சல் இருக்கணும்னு. காலேஜ்ல இருந்தே 'பசி இருக்கணும், வெறி இருக்கணும்'னு தானே சொல்லிக் கொடுத்தாங்க. ஆனா 23 வருஷம் வெறியில ஓட முடியாது. வெறி ஆறு மாசத்துல எரிஞ்சு போயிடும், என் விஷயத்துல 48 நாள்லயே போயிடுச்சு. நீண்ட தூரம் போக வேற ஏதோ வேணும். இன்னைக்கு ஒரு ஏடு கிடைச்சாலும் சந்தோஷம், கிடைக்கலன்னாலும் நாளைக்குத் தேடலாம்கிற ஒரு அமைதி வேணும். அந்த அமைதி இருந்தா தான் தேடவே முடியும்.

அப்பாவுக்கு இதையெல்லாம் பிரசங்கம் பண்ணல. பண்ணா அடி தான் விழும். வேற மாதிரி பதில் சொன்னேன். தினமும் ராத்திரி மனம் போன போக்குல நூறு வேலைக்கு அப்ளை பண்றதை நிறுத்தினேன். அது தேடல் இல்ல, பதட்டம். அதுக்குப் பதிலா தினமும் காலைல ரெண்டு மணி நேரம், கடை திறக்கறதுக்கு முன்னாடி, எனக்குப் பொருந்துற வேலையா பார்த்து ஒழுங்கா எழுதி அனுப்பினேன். எனக்கு எங்க குறைன்னு பார்த்து ஒரு கோர்ஸ் படிச்சேன். நிராகரிச்ச மெயில் வந்தா ஒரு நாள் வருத்தப்படலாம், அடுத்த நாள் கிடையாதுன்னு ஒரு விதி வெச்சுக்கிட்டேன். ஆயாக்கள் தொடர்ந்து வந்துட்டு இருந்தாங்க.

பதினேழாவது மாசம் வேலை கிடைச்சது. பழைய சம்பளத்தை விடக் குறைவு, வீட்டுல இருந்தே செய்யலாம். வளையல் திரும்பி வந்துடுச்சு. இதை ஏன் இவ்ளோ சின்னதா சொல்றேன்னா, இதைப் பெருசா சொன்னா நீங்க மறுபடி கணக்குப் போட ஆரம்பிச்சுடுவீங்க. பொறுமையா இருந்தா பதினேழு மாசத்துல வேலைன்னு. கிடைக்காமலே போயிருக்கலாம். பதினெட்டு, இருபது, முப்பது மாசம்னு போறவங்க இருக்காங்க. அவங்க என்னை விட முயற்சியிலயோ பக்தியிலயோ குறைஞ்சவங்க இல்ல.

இன்னும் ரெண்டு விஷயம் சொல்லியாகணும். ஒண்ணு, 'இருக்கறது போதும்'கிறதை நாம நமக்கு மட்டும் தான் சொல்லிக்கலாம். அடுத்தவங்களுக்குச் சொல்லக் கூடாது. பசிக்கிறவன் இலை மேல நாம கையை வெச்சு "அவனுக்குப் போதும்"னு சொல்ற மாதிரி ஆயிடும் அது. சம்பளம் கொடுக்காத முதலாளி, வரதட்சணை கேட்டுக் கொடுமைப்படுத்துற வீடு, இதுக்கெல்லாம் 'பொறுத்துக்கோ, முருகன் பார்த்துப்பான்'னு யாராவது சொன்னா அது பக்தி இல்ல. அங்க திருச்செந்தூர் முருகன் தான் வேணும், வேலை எடுக்கணும்.

ரெண்டாவது, சத்தமில்லாத கஷ்டம் சில நேரம் அமைதி மாதிரியே வேஷம் போட்டு வரும். எதுலயும் ஆசை இல்லாம இருக்கறது பக்குவம்னு நினைச்சுடுவோம், ஆனா அது மனசு நோயில படுத்திருக்கறதா இருக்கலாம். எப்படிப் பிரிச்சுப் பார்க்கறது? எனக்குத் தெரிஞ்ச ஒரு அடையாளம்: அமைதியா இருக்கும்போது பக்கத்துல இருக்கறவங்க முகம் நல்லா தெரியும். மனசு படுத்திருக்கும்போது யார் முகமும் தெரியாது. வாரக்கணக்குல தூக்கம் இல்ல, சாப்பாடு பிடிக்கல, வாழவே வேண்டாம்னு தோணுதுன்னா யார்கிட்டயாவது வாய் விட்டுச் சொல்லுங்க. 14416-னு அரசாங்கத்தோட மனநல உதவி எண் இருக்கு, டெலி மானஸ்னு பேரு, காசு கிடையாது, தமிழ்லயே பேசலாம். கூப்பிடறது முருகன் மேல நம்பிக்கை இல்லாததால இல்ல. கோபுரத்துல இருந்து விழுந்தவரைத் தாங்கின கை எந்த ரூபத்துல வேணும்னாலும் வரும்.

வேல்மாறல் மறுபடி படிக்க ஆரம்பிச்சுட்டேன். எத்தனாவது நாள்னு கேட்டீங்கன்னா எண்ணல. சில நாள் விட்டுப் போகுது. சில நாள் ஒரே அடியிலயே மனசு நின்னுடுது, அப்படியே உக்காந்திருக்கேன். அம்மா "ஆபீஸ் நேரமாச்சுடா"ன்னு கூப்பிடற வரைக்கும்.

பகல்ல அப்பா கடையைப் பார்த்துக்கறாரு. சாயந்திரம் ஆறு மணிக்கு மேல நான் போறேன். அப்பா சொல்றாரு, தாள் எடுத்துட்டு வர ஆயாக்கள் நிறைய பேர் அவர்கிட்ட கொடுக்க மாட்டேங்கறாங்களாம். "நீ ஜெராக்ஸ் மட்டும் எடுத்துடுவ. அந்தத் தம்பி வரட்டும், அவன் படிச்சுச் சொல்லுவான்"னு வாசல்ல பெஞ்சுல உக்காந்துடறாங்களாம்.

இப்போ மணி அஞ்சே முக்கால். இன்னைக்கு ஒருத்தர் புதுசா பட்டா தாள் எடுத்துட்டு வரேன்னு சொல்லியிருக்காங்க. கிளம்பறேன்.

வேலும் மயிலும் துணை.